கர்னலுக்கு அவுட் கொடுத்த கதை

என் வீட்டுக்காரர் ராணுவத்தில் கர்னலாக இருந்து ஓய்வு பெற்றவர். கிரிக்கெட்டும் ஆடுவார். இதில் எது தொழில், எது பொழுதுபோக்கு என்று கல்யாணமான புதிதில் எனக்குப் பிடிபடவில்லை. எல்லைக்குப் போகும்போது ஒரு பெட்டியோடு போவார். மேட்சுக்குப் போகும்போது மட்டும் அவருக்கு மூன்று பெட்டி வேண்டும்.

ராணுவ கிரிக்கெட்டில் ஒரு வசதி உண்டு. பந்து போடுகிறவன் சிப்பாய், அம்பயராக நிற்பவர் சுபேதார், மட்டை பிடிப்பவர் மேஜர். மேஜர் தூக்கி அடித்த பந்தைப் பிடிக்கிறவனுக்கு லீவு லேசில் கிடைக்காது என்பது, சாமியானாவில் சமோசாத் தட்டோடு உட்கார்ந்திருந்த எனக்கே தெரியும். மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம். சிப்பாயின் காலில் பந்து பட்டால் அவுட். மேஜரின் காலில் பட்டால் சுபேதார் வானத்தில் பருந்தைத் தேடுவார்.

அப்படிப் பருந்து தேடிய ஒரு நாளில்தான், அப்போது மேஜராக இருந்த இவர் நூறு அடித்தார். ஒரு ரன்கூட எடுக்காதபோதே பந்து நேராகக் காலில் வந்து மோதியது. சுபேதார் அண்ணாந்து பார்த்தார். அதற்குப் பிறகு இவர் ஆடியது அழகு, அதையும் சொல்லத்தான் வேண்டும். யாரும் விட்டுக்கொடுக்கத் தேவையே இருக்கவில்லை. பந்து ஆளில்லாத இடமாகப் பார்த்துப் போயிற்று. அன்றைக்குக் கிடைத்த வெள்ளிக் கோப்பையை, மாற்றல் வந்தபோதெல்லாம் மடியில் வைத்துக்கொண்டுதான் ரயிலேறினார். குழந்தை என் மடியில் இருந்தது.

ஓய்வுக்குப் பிறகு, கிழக்குப் பாலக்காட்டில் என் அப்பா விட்டுப்போன தென்னந்தோப்புக்கே வந்துவிட்டோம். ஒரு பட்டாளத்தையே நடத்தியவர் வீட்டோடு மாப்பிள்ளை ஆனார். தென்னைகள் வரிசையில் நிற்கவில்லை என்று குறைப்பட்டார். கோப்பை கண்ணாடி அலமாரியில் ஏறியது. சாயங்காலமானால் அதை எடுத்துத் துடைப்பார், பிறகு வெறுமனே பார்த்துக்கொண்டிருப்பார். ஆடியது தானா, இல்லை தன் தோளில் இருந்த மேஜர் முத்திரையா என்ற சந்தேகம் அவரை அரித்துக்கொண்டிருந்தது. வாய்விட்டுச் சொல்லமாட்டார். எனக்குத் தெரியும்.

விஷு சமயத்தில், வாயனசாலை என்கிற ஊர் நூலகத்தில் பேப்பர் படிக்க வருகிற இளைஞர்கள் அறுத்த வயலில் போட்டி நடத்துவார்கள். நானும் ஆடுகிறேன் என்று இவர் போய் நின்றார். இங்கே சல்யூட் அடிக்க ஆளில்லை, உண்மை தெரிந்துவிடும் என்று நம்பினார், பாவம். எங்கள் ஊர்ப்பக்கம் மாப்பிள்ளைக்குக் காட்டும் மரியாதையை மறந்துவிட்டார். கர்னலுக்காவது ஓய்வு உண்டு, மாப்பிள்ளைக்கு ஏது?

வயல் என் தம்பியுடையது, ஆகவே அம்பயரும் அவனே. வந்த கொஞ்ச நேரத்திலேயே இவருடைய நடுக்குச்சி பிடுங்கிக்கொண்டு போய் வரப்பில் விழுந்தது. பந்து போட்டவர் ஓடிவந்து மன்னிப்பு வேறு கேட்டார். தம்பி அசரவில்லை.

"காத்துல விழுந்துருச்சுங்க மச்சான். நீங்க ஆடுங்க."

சித்திரை வெயிலில் ஓர் ஓலைகூட அசையவில்லை. எதிரணிக்காரர்களே குச்சியை எடுத்துவந்து பயபக்தியோடு நட்டுவைத்தார்கள். இவர் மட்டையை ஊன்றிக்கொண்டு ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தார். யாராவது சொல்லமாட்டார்களா என்று தேடுகிற பார்வை. பந்தலிலிருந்து எழுந்து, ஊரே பார்க்க, ஒற்றை விரலை உயர்த்தினேன்.

தம்பியின் முகம் செத்துவிட்டது. கட்டின புருசனையே அவுட்டாக்கிட்டாளே என்று பின்னாலிருந்த பெண்கள் முணுமுணுத்தார்கள். இவரோ மட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, அணிவகுப்பில் வருவதுபோல விறைப்பாக நடந்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். காலில் கட்டியிருந்த பேடை அவிழ்க்கக் குனிந்தவர் நிமிராமலே கேட்டார்.

"அம்மணி, அன்னிக்குக் கோப்பை வாங்குன மேட்ச்சுலயும்..."

"அவுட்டுதானுங்க."

பேடின் வாரைப் பிடித்த கை அப்படியே நின்றது.

"ஆனா அதுக்கப்பறம் அடிச்சதெல்லாம் நீங்க அடிச்சதுதானுங்க. எந்தச் சுபேதாரும் அடிச்சுக் குடுக்கல."

என் கையைப் பிடித்தவர், அந்த ஓவர் முடியும்வரை விடவில்லை. ஊரார் பார்க்க அவர் என் கையைப் பிடித்தது அன்றைக்குத்தான். நடு வயலில் நின்ற என் தம்பி அதைப் பார்த்துவிட்டு, சட்டென்று அண்ணாந்து வானத்தில் பருந்தைத் தேடினான்.