பெரிய எழுத்தில் எழுதிய விடைத்தாள்

சனிக்கிழமை, பிற்பகல் மூன்று பத்து. பண்டமாரானில் அண்ணன் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றும்போது முதலில் கண்ணில் பட்டது அண்ணியின் முதுகு. சமையலறை மேசையில் வாசலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். வலது முழங்கை சிறிது நகர்ந்தது, நின்றது, மறுபடி நகர்ந்தது. மேசையோரத்தில் ஒரு பென்சில், பாதி தேய்ந்த அழிப்பான், நீலப் பேனாவின் மூடி. பேனா அவர் கையில் இருந்திருக்க வேண்டும். இருந்திருக்க வேண்டும் என்று எழுதுகிறேன், ஏனென்றால் நான் நின்ற இடத்திலிருந்து பேனா தெரியவில்லை. ஒரு வரியை இப்படி எழுதுகிற பழக்கத்தால்தான் நான் அவருக்குக் கெடுதல் செய்தேன்.

தண்ணீர் குடிக்க உள்ளே போனேன். அண்ணி சட்டென்று ஒரு செய்தித்தாளை இழுத்து மேசையிலிருந்த தாளின் மேல் போட்டார். "உள்ள வராதீங்க தம்பி. நீங்க பார்த்தா, அப்பறம் நீங்கதான் எழுதிக் கொடுத்தீங்கன்னு சொல்லுவாங்க. தண்ணி வேணும்னா உங்க அண்ணன எடுக்கச் சொல்லுங்க." கூடத்திலிருந்து அண்ணன் குரல் கொடுத்தான். "அவ பரீட்சை எழுதுறா லா. டிவி சத்தத்தக் கூட நிப்பாட்டிட்டா. பந்து மட்டும் ஊமை மாதிரி ஓடுது, வந்து பாரு." நான் கூடத்தில் உட்கார்ந்து சத்தமில்லாத ஆட்டத்தைப் பார்த்தேன். ஐந்தே முக்காலுக்கு அண்ணி எழுந்து, தாளை உறையில் போட்டு, சாமி மாடத்துக்குக் கீழே வைத்துவிட்டு வந்து தேநீர் கலந்தார்.

அண்ணி துறைமுகத்துக்கு அருகே ஒரு சரக்குக் கிடங்கில் வேலை செய்கிறார். லோரியில் ஏறும் பெட்டிகளையும் இறங்கும் பெட்டிகளையும் எண்ணிக் குறிப்பது அவர் வேலை. தமிழ்ப்பள்ளியில் படித்து, இடைநிலைப் பள்ளியில் மூன்றாம் படிவத்தோடு, பதினைந்து வயதில், நின்றவர். மலாய் நன்றாக எழுதுவார். ஆங்கிலம் பெட்டிகளின் மேல் ஒட்டியிருக்கும் தாள்களில் படித்துப் பழகியது மட்டும்தான். அந்தக் கிடங்கில் எண்ணுகிறவர்கள் வெயிலில் நிற்பார்கள். ஆவணப் பிரிவில் இருப்பவர்கள் குளிர்சாதன அறையில் உட்கார்ந்து கப்பல் நிறுவனங்களுக்கு ஆங்கிலத்தில் கடிதம் எழுதுவார்கள். ஆவணப் பிரிவு மேற்பார்வையாளர் பதவிதான் அண்ணியின் இலக்கு. வெளியே நிற்பதா, உள்ளே உட்காருவதா என்பதை ஆங்கிலம்தான் முடிவு செய்தது.

பெட்டாலிங் ஜெயாவில் நான் வேலை செய்யும் செய்தித்தாள் அலுவலகத்தில் வாரம் ஒருமுறை மாணவர்களுக்கான ஆங்கில இணைப்பு வரும். எஞ்சிய பிரதிகளை வெங்காயம் உரிக்க விரித்துக்கொள்ளட்டும் என்று அண்ணிக்குக் கொண்டுபோய்க் கொடுப்பேன். அதில் ஒரு பக்கம் முழுக்கச் சொற்புதிர்கள். குறுக்கெழுத்து, எழுத்துக் குவியலில் சொல் தேடுவது, வினைச்சொல்லின் இறந்தகாலத்தைக் கட்டத்தில் நிரப்புவது, விட்டுப்போன சிறு சொற்களைப் போடுவது. ஒருநாள் வெங்காயத் தோலை ஒதுக்கிவிட்டு அண்ணி ஒரு கட்டத்தை நிரப்பினார். அதன்பின் மூன்று ஆண்டுகள் அந்தத் தாள்களின் மேல் வெங்காயம் உரிபடவில்லை.

கிடங்கில் லோரிக்குக் காத்திருக்கும் நேரமெல்லாம் புதிர்தான். போர்க்லிப்ட் ஓட்டும் பையன்கள் விடமாட்டார்களாம். "அக்கா, இன்னைக்கு எத்தன கட்டம்?" என்று ஒருவன் கேட்டதற்கு, "உன் வாய மூட அஞ்சு கட்டம் போதும், வண்டிய எடு" என்று சொன்னதாக அண்ணியே சிரித்துக்கொண்டு சொன்னார். இடத்தைக் குறிக்கும் ஆங்கிலச் சிறு சொற்கள் மட்டும் அவருக்குக் கடைசிவரை பிடிபடாமல் இருந்தன. "இந்த இன், ஆன், அட் மூணும் உங்கம்மா மாதிரி தம்பி. எப்ப எங்க வந்து நிக்கும்னு சொல்லவே முடியாது." பிறகு அவையும் வழிக்கு வந்தன. என் அம்மா வரவில்லை.

மாட்டிக்கொண்டால் புதிரைப் படமெடுத்து எனக்கு வாட்ஸ்அப்பில் அனுப்புவார். கூடவே குரல் செய்தி. "அஞ்சு எழுத்து, லேட்டாகுறதுக்கு என்னா சொல்லுவாங்க? டி-யில ஆரம்பிக்குது. மூணாவது எழுத்த மட்டும் சொல்லுங்க. விடையச் சொன்னீங்க, தொலைச்சிருவேன்." மூன்று ஆண்டுகளில் ஒரு விடையைக்கூட அவர் என்னிடம் கேட்டதில்லை. ஒரு முறை அவசரத்தில் முழுச் சொல்லையும் அனுப்பிவிட்டேன். அந்தப் புதிரையே கிழித்துப் போட்டுவிட்டார்.

இன்னொன்றையும் நான் கவனித்திருந்தேன். ஆங்கிலத்தை அண்ணி கட்டத்துக்குள் மட்டுமே எழுதிப் பழகியதால், கட்டத்துக்கு வெளியிலும் அப்படியே எழுதினார். எல்லாம் பெரிய எழுத்து. ஒவ்வோர் எழுத்தும் கண்ணுக்குத் தெரியாத ஒரு கட்டத்துக்குள் தனித்தனியாக நின்றது. குளிர்பெட்டியில் ஒட்டிய சாமான் பட்டியலில் மலாய்ச் சொற்கள் சாய்ந்து, ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு ஓடும். ஆங்கிலச் சொற்கள் விறைத்து நிற்கும். அந்தப் பட்டியலை ஒரே ஆள் எழுதினார் என்று வெளியாள் நம்பமாட்டார். நான் வெளியாள் இல்லை.

பதவிக்கான பரீட்சைத் தாளை வெள்ளிக்கிழமை கொடுத்தார்கள். வீட்டில் எழுதி, திங்கட்கிழமை தர வேண்டும். கணினியில் தட்டக்கூடாது, கையால்தான் எழுத வேண்டும். இலக்கணக் கேள்விகளோடு, சேதமடைந்த ஒரு கொள்கலனைப் பற்றி ஒரு பக்க அறிக்கை. அண்ணி எழுதிக் கொடுத்தார். எழுதிய எல்லாரிலும் அவர் தாளில்தான் பிழை குறைவு என்று பிறகு தெரிந்தது. அதுவே அவருக்கு எதிரான முதல் சாட்சியாகிவிட்டது.

புதன்கிழமை காலை பதினொன்று நாற்பதுக்கு அந்த நிறுவனத்தின் மனிதவள மேலாளர் என்னை அழைத்தார். தமிழ்ப் பெண். மரியாதையான குரல். அண்ணியின் கோப்பில் அவசரத் தொடர்புக்கு என் எண் இருந்திருக்கிறது.

"சார், நீங்க பேப்பர்ல வேலை செய்றீங்கல்ல? இந்த டெஸ்ட் நீங்க எழுதிக் கொடுத்ததா?"

"இல்ல."

"அப்ப அவங்களே எழுதினாங்கன்னு நீங்க கன்ஃபர்ம் பண்ண முடியுமா? மலாய்ல எழுதின லீவு ஃபார்ம்ல ஒரு கையெழுத்து, இதுல வேற கையெழுத்து. எல்லாமே கேப்பிட்டல் லெட்டர். அதான் கேக்குறேன்."

"நான் எழுதல. அவங்க எழுதினத நான் நேர்ல பார்க்கல."

"தேங்க் யூ சார். அது போதும்."

ஐம்பத்திரண்டு வினாடி என்று கைபேசி காட்டியது. ஏன் பெரிய எழுத்து என்று எனக்குத் தெரியும். அதைச் சொல்ல இன்னும் பத்து வினாடி போதும். சொல்லவில்லை. அதற்கு மூன்று வாரங்களுக்கு முன்தான், கண்ணால் பார்க்காத ஒன்றை உறுதியென்று எழுதி, மறுநாள் திருத்தம் வெளியிட்டு, ஆசிரியர் அறையில் நின்றுவிட்டு வந்திருந்தேன். அந்தச் சூடு ஆறவில்லை. பார்த்ததை மட்டும் சொல், பார்க்காததைச் சொல்லாதே என்ற விதியை என் சொந்த அண்ணியின் மேல் பிரயோகித்தேன். சொன்ன பிறகு ஒரு திருப்திகூட வந்தது. அந்தத் திருப்தியை நினைத்தால் இன்றும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

மேலாளர் மேல் உள்ள கோபமும் குறையவில்லை. அவர் பொய் சொல்லவில்லை, சதி செய்யவில்லை. கிடங்கில் பெட்டி எண்ணும் பெண்ணுக்கு இவ்வளவு ஆங்கிலம் வராது என்று முதலிலேயே முடிவு கட்டிவிட்டு, அதற்கேற்ற கேள்வியைக் கேட்டார், அவ்வளவுதான். குடும்பத்தில் ஒரு பத்திரிகைக்காரன் இருந்தால், அந்த வீட்டில் எழுதப்படும் நல்ல வாக்கியமெல்லாம் அவனுடையது. தப்பாக எழுதியிருந்தால் தகுதியில்லை என்பார்கள். சரியாக எழுதினால் திருட்டு என்கிறார்கள். அண்ணி நிற்பதற்கு எந்த இடத்தையும் மிச்சம் வைக்கவில்லை.

மறுநாள் அண்ணியை அறைக்குள் அழைத்து, உங்கள் கொழுந்தனே உறுதி சொல்லவில்லை என்று சொல்லியிருக்கிறார்கள். "இப்பவே வேற தாள் கொடுங்க மேடம், உங்க கண்ணு முன்னாடி எழுதுறேன்" என்று அண்ணி கேட்டிருக்கிறார். இரண்டு முறை கேட்டிருக்கிறார். ஃபைல் தலைமை அலுவலகத்துக்குப் போய்விட்டது என்று பதில். கையில் ஒரு எச்சரிக்கைக் கடிதம் கொடுத்தார்கள். நேர்மையின்மை என்ற சொல் அதில் ஆங்கிலத்தில் இருந்தது. அந்தச் சொல்லுக்கு அண்ணிக்கு அகராதி தேவைப்படவில்லை.

அந்த ஞாயிறு நான் போனபோது அண்ணன் வாசலிலேயே மறித்தான். "நீ எனக்குத் தம்பியா, இல்ல பேப்பர்காரனாடா? ஒரு வார்த்த சொன்னா உன் நாக்கு அழுகிப் போயிருமா?" அண்ணி அவனை உள்ளே போகச் சொன்னார். எனக்கு நாற்காலி எடுத்துப் போட்டார். எதிரில் உட்கார்ந்தார்.

"என்னா கேட்டாங்க, நீங்க என்னா சொன்னீங்க? அப்படியே சொல்லுங்க."

சொன்னேன். ஒரு சொல் கூட்டாமல், குறைக்காமல்.

"நீங்க பொய் சொல்லல தம்பி," என்றார். குரல் உயரவில்லை. "மூணு வருஷமா கட்டம் கட்டமா எழுதி உங்களுக்குத்தான போட்டோ அனுப்பினேன். அதெல்லாம் யாரு எழுதினதுன்னு நெனச்சீங்க?"

அவர் எழுந்து போய்ச் சோறு போட்டார். அதுதான் தாங்க முடியவில்லை. திட்டியிருக்கலாம்.

அன்று மாலையே மேலாளருக்கு நீண்ட மின்னஞ்சல் எழுதினேன். சனிக்கிழமை மூன்று பத்திலிருந்து ஐந்தே முக்கால் வரை நான் பார்த்தவை: முதுகு, முழங்கை, பென்சில், மூடி, உறை. பெரிய எழுத்துக்கான காரணம். மூன்று ஆண்டுப் புதிர்ப் படங்கள், அனுப்பிய தேதியும் நேரமும் தெரியும்படி, எல்லாம் அதே விறைத்த எழுத்தில். நான் எழுதிய செய்திகளிலேயே ஆதாரம் மிகுந்தது அதுதான். நான்கு நாள் தாமதம். விவகாரம் முடிந்துவிட்டது, உங்கள் அக்கறைக்கு நன்றி என்று இரண்டு வரியில் பதில் வந்தது. எச்சரிக்கைக் கடிதத்தை எடுக்கச் சொல்லி மேலும் இரண்டு முறை எழுதினேன். அவற்றுக்கு இரண்டு வரிகூட இல்லை. தொழிலாளர் அலுவலகத்தில் புகார் கொடுக்கலாம் என்று அண்ணியிடம் சொன்னேன். "இன்னொரு தடவ என்னைப் பத்தி யாரும் உங்ககிட்ட கேக்க வேணாம் தம்பி," என்றார் அண்ணி.

பதவி வேறொருவருக்குப் போனது. அவர் போன மாதம் வேலையை விட்டுவிட்டார். கிடங்கின் அறிவிப்புப் பலகையில் மறுபடியும் ஆள் தேவை என்று தாள் ஒட்டினார்கள். இம்முறை பரீட்சையை அலுவலகத்திலேயே, மேலாளர் முன்னிலையில் எழுத வேண்டும் என்று அதில் போட்டிருந்தது. விண்ணப்பிக்கக் கடைசி நாள் கடந்த வெள்ளிக்கிழமை. அண்ணி விண்ணப்பிக்கவில்லை.