நானூறுக்கு இறங்கியவள்

தொழில்முறை டென்னிஸ் ஆட்டக்காரியாக ஏழு வருடம் காலம் தள்ளினேன். அதில் பாதிக் காலம் என்னைக் காப்பாற்றியது என் கை அல்ல, அப்பாவின் நூல் புத்தி.

திருப்பூரில் அப்பாவுக்குப் பனியன் கம்பெனி. இருபதாம் நம்பர் நூலைவிட நாற்பதாம் நம்பர் நைஸ் என்பது அவர் ரத்தத்தில் ஊறிய பாடம். நம்பர் கூடினால் சரக்கு உசத்தி. என் உலகத் தரவரிசையையும் அவர் அப்படியே படித்தார். எண்ணூறில் இருந்தவள் தோற்றுத் தோற்றுத் தொள்ளாயிரத்துக்குப் போனபோது கம்பெனி முழுக்க ஜிலேபி கொடுத்தார்.

திருத்த எனக்கு வாய் வரவில்லை. அவர் போட்டிருந்த நிபந்தனை அப்படி: "நம்பர் ஏறற வரைக்கும் ஆடு கண்ணு. எறங்குச்சுன்னா மாப்ள பாத்தர்லாம்." ஆயிரத்து நூறைத் தொட்டதும் பொங்கலூர் தோட்டத்தில் கெடா வெட்டு. ஃப்ளெக்ஸில் அந்த எண் என் தலையைவிடப் பெரிதாக இருந்தது. சொந்தபந்தம் மொத்தமும் வந்து வாழ்த்தியது. வெட்கமில்லாமல் நானும் இரண்டாம் முறை குழம்பு வாங்கிச் சாப்பிட்டேன்.

பிறகு பிடித்தது சனி: ஜெயிக்கத் தொடங்கினேன். முழங்கால் வலி போனது, சர்வீஸ் படிந்தது, ஒரே வருடத்தில் இரண்டு கோப்பைகள். நானூறு! நான் உருப்படியாக ஆடிய ஒரே வருடம் அதுதான். கோப்பையோடு வீட்டுக்குள் நுழைந்தால் தாராபுரத்திலிருந்து ஒரு ஜாதகம் வந்து காத்திருந்தது.

உண்மையைக் கொட்டினேன். "டென்னிஸ்ல நம்பர் கொறையணுங்கப்பா. ஒண்ணாம் நம்பர்தானுங்க ஒசத்தி."

அப்பா நாற்காலியில் உட்கார்ந்தார். "அப்ப அந்தக் கெடா?"

"தோத்ததுக்குங்கப்பா."

என் பொய்யை அன்றைக்கே மன்னித்துவிட்டார். ஃப்ளெக்ஸைத்தான் அவரால் மன்னிக்க முடியவில்லை. "வெளிய தெரிஞ்சா ஊரே சிரிக்கும் சாமி. எறங்குனது எறங்குனதாவே இருக்கட்டும்." போட்டிகளுக்கு விமான டிக்கெட் எடுப்பவர் அவர். என் ஆட்டம் அந்த நாற்காலியிலேயே முடிந்தது. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

கல்யாண மேடையில் அத்தை ஒருத்தி என் கன்னத்தைத் தடவினாள். "ஆயரத்தி நூறுல இருந்த புள்ள, நானூறுக்கு வந்துட்டியே கண்ணு. போச்சாது உடு, பரவால்ல."

பக்கத்தில் நின்ற அப்பாவைப் பார்த்தேன். அவர் மும்முரமாக என் மாலையைச் சரிசெய்துகொண்டிருந்தார்.

"ஆமாங்க அத்தை," என்றேன்.