பொஹத்திர் எழுந்து நிற்கும் காட்சி

ஜெர்மனியில், கார்ல்ஸ்ரூஹே நகரில் நான் வேலை பார்த்த இடத்தில் மொத்தம் ஒன்பது பேர். வீடியோ கேம் செய்யும் சின்ன கம்பெனி. திரையில் வரும் ஆட்களை நடக்க, ஓட, விழ வைப்பது என் வேலை. அவர்கள் என்ன பேசுவார்கள், எதற்காக நடப்பார்கள் என்று எழுதுவது என் எதிர் மேஜைக்காரியின் வேலை. அவள் உக்ரைன்காரி. போர் தொடங்கிய வருடம் ஒரு முதுகுப்பையோடு வந்து சேர்ந்தவள். என்னைவிட மூத்தவள்தான். ஆனால் எங்கள் பேச்செல்லாம் ஆங்கிலத்தில் என்பதால் வயது குறுக்கே வரவில்லை.

அப்போது நாங்கள் செய்துகொண்டிருந்த கேம் ரஷ்யா, உக்ரைன் பக்கத்து ஸ்லாவிய நாட்டுப்புறக் கதைகளின் மாவீரர்களைப் பற்றியது. அந்த வீரனை அவர்கள் பொஹத்திர் என்பார்கள். முதல் தடவை அவள் சொன்னபோது, “எங்க ஊர்ல பகதூர்னு ஒண்ணு இருக்கு, பட்டம் மாதிரி பேரோட சேர்த்துப்பாங்க” என்றேன். இரண்டும் ஒரே சொல்தான் என்று அவள் தேடிக் கண்டுபிடித்தாள். குதிரையில் வந்தவர்கள் அங்கேயும் இங்கேயும் விட்டுப்போன சொல். அன்று முழுக்க என்னை பகதூர் என்றே கூப்பிட்டாள்.

கேம் தொடங்கும் கதையை அவள்தான் எனக்குச் சொன்னாள். ஒரு குடியானவன் மகன். பிறந்ததிலிருந்து காலில் உயிரில்லை. குளிருக்காக மேலே படுத்துக்கொள்ளத் திண்ணை மாதிரி கட்டிய வீட்டுச் செங்கல் அடுப்பின்மேல் முப்பத்துமூன்று வருடம் உட்கார்ந்தே இருக்கிறான். அப்பாவும் அம்மாவும் வயலுக்குப் போன ஒரு நாள் மூன்று பரதேசிகள் வாசலுக்கு வந்து தண்ணீர் கேட்கிறார்கள். என்னால் எழுந்திருக்க முடியாதே என்கிறான். எழுந்து கொண்டுவா என்கிறார்கள் மறுபடியும். எழுந்துவிடுகிறான். அதற்கப்புறம் எல்லையைக் காக்கப் போய்விடுகிறான்.

“சின்ன வயசுல எங்க வீட்டு காலண்டர்ல இருந்தான்” என்றாள். “இப்போ எங்க மேல குண்டு போடறவன் சட்டையில அதே ஆளோட படத்தைக் குத்திட்டு வர்றான். எங்க பசங்க சட்டையிலயும் அவன்தான். யாருக்காக எழுந்தான்னு அவனையே கேக்கணும்.”

எங்கள் இயக்குநருக்கு அதெல்லாம் வேண்டாம். ஸ்லாவியக் கதை என்று மட்டும் போடுவோம், நாடு எதையும் சொல்ல வேண்டாம் என்றார். அவள் வாதாடிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினாள்.

அந்த மாதம்தான் அவள் தம்பிக்கு அடிபட்டது. பஸ் ஓட்டிக்கொண்டிருந்தவன், ராணுவத்துக்குப் போய் ஒரு வருடம் ஆகியிருந்தது. குண்டுச் சிதறல் முதுகுத்தண்டில் பட்டிருந்தது. சிகிச்சைக்காக ஜெர்மனிக்கே கொண்டுவந்தார்கள். கடைசியில் அவனுக்கு இடம் கிடைத்தது, எங்களிடமிருந்து ரயிலில் ஒன்றரை மணி நேரம் போக வேண்டிய மலை ஊரில், ஒரு மறுவாழ்வு மருத்துவமனையில்.

எழுந்து நிற்கும் காட்சியை அவள் எழுதுவதை நிறுத்திவிட்டாள். இயக்குநர் திங்கட்கிழமைதோறும் கேட்பார். அவள் திங்கட்கிழமைதோறும் “அடுத்த வாரம்” என்பாள்.

ஒரு சனிக்கிழமை என்னையும் துணைக்குக் கூப்பிட்டாள். தனியாகப் போனால் தம்பி பேசுவதே இல்லையாம். வேறு யாராவது இருந்தால் மரியாதைக்காவது பேசுவானாம். நான் போனேன். ஒல்லியாக, நன்றாகச் சவரம் செய்த முகத்தோடு படுத்திருந்தான். ஆங்கிலத்தில் என்னிடம் இந்தியாவின் பஸ்களைப் பற்றிக் கேட்டான். ஆள் தொங்கிக்கொண்டு போவதை வீடியோவில் பார்த்திருக்கிறானாம். அக்காவைப் பார்த்து ஒன்றும் கேட்கவில்லை.

அவர்களைக் கொஞ்ச நேரம் தனியாக விடலாம் என்று வெளியே வந்து, வராந்தாவில் நின்று அம்மாவோடு போனில் பேசிக்கொண்டிருந்தேன். பேசி முடித்ததும் அங்கே வேலை செய்யும் நர்ஸ் ஒருவர் பக்கத்தில் வந்தார்.

“நீங்கள் தமிழோ?”

“ஆமாக்கா. கோயம்புத்தூர்.”

“நான் யாழ்ப்பாணம். இஞ்சை வந்து இருபத்தைஞ்சு வருசம்.” அறையைக் கண்ணால் காட்டினார். “அந்தப் பொடியன்ரை ஆக்களோ?”

“அவங்க அக்காவோட ஃபிரெண்ட்.”

“பாவம். நல்ல பொடியன். இனி நடக்க ஏலாது எண்டு டொக்டர் சொன்ன நாளிலையிருந்து ஒழுங்காச் சாப்பிடுறேல்லை. நீங்கள் வந்தது நல்லது.”

“நடக்க முடியாதா? ட்ரீட்மென்ட் போயிட்டிருக்குன்னுதானே அவங்க சொன்னாங்க.”

அவர் முகம் மாறிவிட்டது. “தமக்கைக்குத் தெரியாதோ? ஐயோ, தெரியும் எண்டெல்லோ நினைச்சன்.” என் கையைப் பிடித்துக்கொண்டார். “தங்கச்சி, சொல்லிப்போடாதேங்கோ. என்ரை வேலை போயிடும். அந்தப் பொடியனே ஒருநாள் சொல்லட்டும்.”

நான் சரி என்றேன். வேறு என்ன சொல்வது?

திரும்பி வரும் ரயிலில் அவள் கண் கலங்கியிருந்தது, ஆனால் சிரித்தாள். “உன்கிட்ட எவ்வளவு பேசினான் பார்த்தியா? தேறிடுவான். அந்தக் காட்சியை நான் எழுதப் போறேன்.” நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். வெளியே மரங்களைத் தவிர ஒன்றுமில்லை.

இரண்டு நாளில் எழுதி முடித்தாள். அவள் எழுதியதிலேயே அதுதான் நன்றாக இருந்தது. முதலில் கட்டைவிரல் அசைகிறது, அப்புறம் கணுக்கால், அப்புறம் முழங்கால். அதை நான் திரையில் அசைய வைக்க வேண்டும்; பார்த்துச் செய்ய ஒரு நிஜ அசைவு வேண்டும். வீட்டில் போனை அடுப்பு மேடையில் சாய்த்து வைத்து, ஸ்டூலிலிருந்து நான் எழுவதையே திரும்பத் திரும்பப் படம் பிடித்தேன். ஒவ்வொரு தடவையும் முழங்கால் என்னைச் சுலபமாகத் தூக்கியது. வேறு யாரையாவது இதைச் செய்யச் சொல்லுங்கள் என்று இயக்குநரிடம் கேட்டேன். வேறு யாரும் இல்லை என்றார். உண்மைதான்.

காட்சி தயாரானதும் அவள் தன் லேப்டாப்பில் ஏற்றிக்கொண்டாள். “சனிக்கிழமை தம்பிக்குக் காட்டறேன்.”

“இப்பவே வேணாமே” என்றேன். “இன்னும் முடியல. பரதேசிங்க மூணு பேரும் இன்னும் முகம், உடை எதுவும் போடாம சாம்பல் கலர் பொம்மையா நிக்கறாங்க.”

“அவன் எழுந்திருக்கறான் இல்ல? அது போதும்.”

அவள் கையிலிருந்து லேப்டாப்பைப் பிடுங்கியிருக்கலாம். உண்மையைச் சொல்லியிருக்கலாம். அந்த நர்ஸின் கை என் கையைப் பிடித்த பிடி நினைவுக்கு வந்தது. கூடவே போனேன், அவ்வளவுதான் என்னால் முடிந்தது.

அவன் இரண்டு தடவை பார்த்தான். இரண்டாவது தடவை, வீரன் எழுந்து நிற்கும் இடத்தில் நிறுத்திவிட்டு அக்காவிடம் அவர்கள் மொழியில் நிதானமாக ஏதோ சொன்னான். நாலைந்து வாக்கியம் இருக்கும். எனக்கு ஒரு சொல்லும் புரியவில்லை, எல்லாமே புரிந்தது. அவள் கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். அழவில்லை. போர்வைக்கு மேலாக அவன் பாதத்தைப் பிடித்து அழுத்தினாள், விட்டாள், மறுபடி அழுத்தினாள். அவன் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

பிறகு என் பக்கம் திரும்பினாள். நான் போதுமான அளவு திடுக்கிடவில்லை போலிருக்கிறது.

“உனக்குத் தெரியும்.”

நான் லேப்டாப்பை மூடினேன்.

“தெரிஞ்சே அவனை எழுப்பி நிக்க வச்சியா?”

“சொல்ல முடியாம போச்சு” என்றேன். யார் சொன்னார்கள் என்று கேட்டாள். அதையும் சொல்ல முடியவில்லை. வராந்தாவின் கடைசியில் அந்த நர்ஸ் மருந்து வண்டியைத் தள்ளிக்கொண்டு போவது கதவு வழியாகத் தெரிந்தது.

அன்று நான் மட்டும் தனியாக கார்ல்ஸ்ரூஹே திரும்பினேன்.

அவள் வேலையை விட்டுவிட்டாள். தம்பி இருக்கும் ஊரிலேயே படியில்லாத தரைத்தள வீடு ஒன்று பார்த்துக்கொண்டாள் என்று இயக்குநர் சொன்னார். கேம் அடுத்த வசந்தத்தில் வெளியானது. விளையாடியவர்கள் அந்த முதல் காட்சியைத்தான் அதிகம் புகழ்ந்தார்கள். கால்கள் அத்தனை இயல்பாக இருக்கின்றனவாம். இயக்குநர் அதையெல்லாம் அச்சடித்து என் மேஜைக்கு மேலே ஒட்டினார். அவர் வீட்டுக்குப் போனதும் கிழித்துப் போட்டேன்.

இயக்குநரிடம் முகவரி வாங்கி ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளைப் பார்க்கப் போனேன். போவதாக முன்பே செய்தி அனுப்பியிருந்தேன், பதில் வரவில்லை. எலுமிச்சை சாதம் கிளறி டப்பாவில் எடுத்துப் போயிருந்தேன். ஆபீஸில் அவள் என் டப்பாவிலிருந்து விரும்பிச் சாப்பிடுவது அதுதான்.

கதவைத் திறந்தாள். இளைத்திருந்தாள். உள்ளே சக்கர நாற்காலி திரும்பும் சத்தம் கேட்டது. அவன் குரல், யார் என்று கேட்டிருப்பான். அவள் தலையைத் திருப்பாமலே ஒரு பதில் சொன்னாள். அதில் “ஆபீஸ்” என்ற சொல் மட்டும் எனக்குப் பிடிபட்டது.

“எப்படி இருக்கான்?” என்றேன்.

“கட்டிலிலிருந்து நாற்காலிக்கு வர நாற்பது நிமிஷம் ஆகுது. தானே வர்றான். என்னைத் தொட விடமாட்டான். நான் நின்னு பார்த்துட்டே இருக்கணும்.”

“நான் ஏதாவது செய்யட்டுமா?”

யோசித்தாள். நிஜமாகவே யோசித்தாள். பிறகு இல்லை என்று தலையாட்டி, டப்பாவை வாங்கிக்கொண்டு நன்றி சொன்னாள். உள்ளே கூப்பிடவில்லை. கதவைச் சாத்தும்போது சத்தம் வராமல் மெதுவாகத்தான் சாத்தினாள்.

ஸ்டேஷனுக்கு வந்தேன். அடுத்த ரயிலுக்கு இன்னும் முக்கால் மணி நேரம் இருந்தது, கட்டிலிலிருந்து நாற்காலிக்கு வர அவனுக்கு ஆகும் நேரம். பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன்.