தைவான் படத்தின் கடைசி றீல்

கல்முனைத் தியேட்டரில் எனக்கு இன்ன வேலை என்று இருந்ததில்லை. போஸ்டர் எழுதுவேன், காரில் மைக் கட்டி ஊரூராக அறிவிப்பேன், ஒப்பரேட்டருக்குக் காய்ச்சல் என்றால் புரொஜெக்டரையும் ஓட்டுவேன். எழுபதுகளின் கடைசியில் ஒரு தைவான் படம் வந்தது. பாஷை ஒருவருக்கும் விளங்காததால் மைக்கில் கதை சொல்லும் வேலையும் என் தலையில் விழுந்தது. தைவானிலும் ஒரு காலத்தில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆள் இருந்தாராம், பின்னாளில் வாசித்தேன்.

முதல் நாள் பகல், பெண்களுக்கான தனிக் காட்சி. கொழும்பிலிருந்து வந்த பெட்டியில் கடைசி றீலைக் காணோம்.

“நாளைக்கு பஸ்ஸில வருமாம். முடிவ நீயே சொல்லிடு,” என்றார் முதலாளி.

“எனக்கே முடிவு தெரியாதே, முதலாளி.”

“படத்தில கதைக்கிற பாஷ மட்டும் தெரிஞ்சா நீ கதை சொல்லப் போறாய்?”

கப்பலுக்குப் போன மகனுக்காகக் காத்திருக்கும் ஒரு தாயின் கதை அது. இருந்த றீல்கள் ஓடி முடிந்ததும் மைக்கை எடுத்துக்கொண்டு வெறுந்திரையின் அருகில் நின்றேன். பெண்கள் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டார்கள். வெள்ளை வெளிச்சத்தில் முகங்கள் தண்ணீருக்கடியில் இருப்பதுபோல் தெரிந்தன. முன்வரிசையில் இடியப்பம் விற்கும் கதீஜா ராத்தா. அவருடைய மகனும் கப்பலுக்குப் போனவன்தான். எட்டு மாதமாகக் கடிதமில்லை. அந்த முகத்தைப் பார்த்ததும் படத்து மகனைக் கரைசேர்த்துவிட்டேன்.

“அல்ஹம்துலில்லாஹ்” என்றது ஒரு குரல்.

மறுநாள் காலை றீல் வந்தது. ஓட்டிப் பார்த்தேன். மகன் வரவில்லை, அவனுடைய உடுப்பு மூட்டைதான் கரைக்கு வந்தது.

பகல் காட்சிக்குக் கதீஜா ராத்தா திரும்பவும் வந்துவிட்டார். “நேத்து காதாலதானே கேட்டன். இண்டைக்கு அவன் வாறதக் கண்ணால பாக்கணும், தம்பி.”

காட்சி தொடங்க இன்னும் நேரமிருந்தது. மேலே புரொஜெக்டர் அறைக்கு ஓடினேன். முதல் றீலில், கப்பலேறும் நாளன்று, மகன் கடற்கரையில் சிரித்தபடி நடந்து வரும் துண்டு ஒன்று இருந்தது. பிளேடால் அதை வெட்டி, மூட்டை வரும் இடத்தை நீக்கி, அங்கே ஒட்டினேன்.

திரையில் பனிமூட்டம், அதற்குள் கப்பல். அடுத்த கணம் மகன் வெயிலில் நடந்து வந்தான். வெயில் எங்கிருந்து வந்தது என்று ஒருவரும் கேட்கவில்லை.

“போகக்குள்ள போட்ட சட்டையோடயே வந்திரிக்கான், பாவம்,” என்று சொல்லிக்கொண்டே வெளியேறினார் ராத்தா. என் கைவேலையை நினைத்து எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அடுத்த வாரம் சந்தையில் அவரைக் கண்டேன். கையிலிருந்த பொட்டலத்தைப் பிரித்து ஒரு புதுச் சட்டையை விரித்துக் காட்டினார்.

“என்ட மகனும் அந்த ஒத்தச் சட்டையோடதானே வருவான். மாத்த ஒண்டு வேணுமே. உங்கட அளவுதான் அவனும். சரியா இரிக்குமா, தம்பி?”

“ஓம் ராத்தா, சரியா இரிக்கும்” என்றேன்.

அதற்குப் பிறகு எத்தனையோ றீல்களை வெட்டி ஒட்டியிருக்கிறேன். படத்தின் முடிவில் மட்டும் பிளேட் வைத்ததில்லை.