நீலவானம் கழகம் மைதானத்தை இழந்த கதை

மழை நின்ற கையோடு எங்கள் மைதானத்திலிருந்து ஒரு வாடை எழும்பும், நனைந்த செங்கல்லையும் துருப்பிடித்த இரும்பையும் ஒன்றாக மணந்தது போல. அது புல் மைதானம் அல்ல. ஜெர்மனியில் நாங்கள் இருந்த பக்கம் சுரங்கக் கழிவை அரைத்துக் கொட்டி, உருளை போட்டு இறுக்கிய சிவப்புத் தரைதான் சின்னக் கழகங்களுக்குக் கிடைக்கும். விழுந்தால் முழங்கால் தோல் போகும், தோல் போன இடத்தில் கல் ஏறும். சனிக்கிழமை பின்னேரங்களில் அம்மா என்னைக் குளியல் தொட்டியின் விளிம்பில் இருத்தி, ஊசி முனையை நெருப்பில் காட்டி, கல்லைக் கல்லாகக் கிளறி எடுத்து அயடீன் பூசுவார். "பொம்பிளைப் பிள்ளையின்ரை காலே இது" என்பதைக் கல்லுக்கு ஒருமுறை சொல்வார். கழகத்துப் பெரியவர்களோ அந்தத் தரையைச் "செம்மண்" என்றுதான் சொல்வார்கள். ஊர்ச் செம்மண் போலவே கிடக்கிறது என்று கண்கலங்கியவர்களும் உண்டு. அவர்கள் யாரும் அதில் அரைக் காற்சட்டையோடு விழுந்து பார்த்ததில்லை என்பது என் எண்ணம்.

நீலவானம் விளையாட்டுக் கழகம் என்று இன்று சொன்னால் யாருக்கும் தெரியாது. எண்பதுகளில் அகதிகளாக வந்து, கிழமை நாட்களில் உணவகக் குசினியிலும் தொழிற்சாலையிலும் முறிந்து, ஞாயிற்றுக்கிழமைகளில் கால்வாய்க் கரைப் புல்வெளியில் பந்தடித்த ஆண்கள் உருவாக்கிய கழகம் அது. இரண்டாயிரம் பிறந்த கையோடு அதை முறையாக "ஃபெறைன்" எனப்படும் சங்கமாக்கிப் பதிவு செய்ய வேண்டும் என்று முடிவெடுத்தார்கள். பெயர் வைப்பதற்கே ஒரு மாரிகாலம் போய்விட்டது. ஆளுக்கொரு ஊர், ஆளுக்கொரு பள்ளிக்கூடம். ஒருவர் தன் ஊர்ப் பெயரைச் சொன்னால் மற்றவர் கோப்பையை வைத்துவிட்டு எழும்பிப் போய்விடுவார். கடைசியில் யாருக்கும் சொந்தமில்லாத வானத்தைப் பிடித்தார்கள். அப்பாவுக்கு மற்றவர்களைவிட ஜெர்மன் மொழி கொஞ்சம் வரும் என்பதால் அவர் செயலாளர். யாழ்ப்பாணத்தில் கல்லூரி அணிக்கு ஆடிய குணம் மாமா தலைவரும் பயிற்சியாளரும்.

நகரசபை ஒரு நிபந்தனை வைத்தது. பிள்ளைகள் அணி ஒன்று வைத்திருந்து, அது ஒழுங்காகப் போட்டிகளில் ஆடினால்தான் கழகத்துக்கு மைதானத்தில் நேரம் ஒதுக்குவார்கள். எங்கள் ஆட்களுக்கு இது பெரிய தலையிடியாகப் போயிற்று. பந்தடிக்க ஆண்கள் தாராளமாக இருந்தார்கள், ஆனால் தங்கள் பெடியன்களை அனுப்ப ஒருவருக்கும் மனம் வரவில்லை. சனிக்கிழமையில் தமிழ்ப் பள்ளிக்கூடம், மிருதங்கம், கணக்கு ரியூஷன். டொக்டராக வரவேண்டிய பிள்ளைகள் பந்துக்குப் பின்னால் ஓடலாமா? அணியில் குறைந்தது ஏழு பேர் வேண்டும், அந்த வயதில் பெண்பிள்ளைகளும் சேர்ந்து ஆடலாம் என்று விதி இருந்தது. அப்பா என்னைப் பார்த்தார். அம்மா முகத்தைத் திருப்பினார். "சின்னப் பிள்ளைதானே, ஓடட்டும்" என்று அப்பா சொன்ன அந்த ஒரு வார்த்தையில்தான் நீலவானத்துக்கு மைதானம் கிடைத்தது. இதை நான் பெருமைக்குச் சொல்லவில்லை, நடந்ததைச் சொல்கிறேன்.

நான் இடது கரையில் ஓடினேன். குணம் மாமா கோட்டுக்கு வெளியே நின்று, "பந்தைப் பாக்காதை பிள்ளை, பந்து போகப்போற இடத்தைப் பார்" என்று தொண்டை கிழியக் கத்துவார். எனக்கு அது விளங்கிய நாளிலிருந்து என்னைப் பிடிக்க ஆளில்லை. முதலில் சிரித்த ஜெர்மன் பெடியன்கள், இரண்டாம் பாதியில் என்னை மறிப்பதற்கு ஆள் விட்டார்கள். மைதானத்தைப் பார்த்துக்கொண்ட ஹெர் கிராமர் என்ற வயதானவர், நான் வரும்போதெல்லாம் தொப்பியைத் தூக்கி, "இடது கால் எப்படி இருக்கிறது?" என்று கேட்பார். ஊன்ட்றொப் என்ற ஊரில் இருக்கும் அம்மன் கோயில் தேருக்குப் போனால், கழகத்து ஆண்கள் என்னை மற்ற நகரத்து ஆட்களுக்குக் காட்டி, "எங்கடை லெஃப்ட் விங் இவதான்" என்று சொல்வார்கள். கச்சான் கடலை வாங்கித் தருவார்கள். வாழ்க்கையில் அவ்வளவு பேர் ஒன்றாக என்னைத் தங்களுடையவள் என்று சொன்னது அந்த இரண்டு மூன்று கோடைகளில்தான். அந்தச் சந்தோஷத்தை நான் இன்றும் மறுக்கமாட்டேன்.

பன்னிரண்டு வயதில், ஒரு செவ்வாய்க்கிழமை, பள்ளிக்கூடத்தில் இருந்து வயிற்று வலியோடு வந்தேன். நான் "பெரியபிள்ளை" ஆகிவிட்டேன் என்று அம்மா லண்டனுக்கும் கனடாவுக்கும் தொலைபேசி எடுத்தார். தண்ணி வார்த்து, வீட்டில் இருத்தி, பச்சைக் கத்தரிக்காயும் நல்லெண்ணெயும் உழுத்தங்களியும் தந்தார்கள். ஒரு மாதம் கழித்து மண்டபம் எடுத்துச் "சாமத்திய வீடு" கொண்டாடினார்கள். கழகமே முன்னின்று நடத்தியது. கதிரை அடுக்கியது, சோறு பரிமாறியது, வாசலில் வரவேற்றது எல்லாம் நீலவானத்து வீரர்கள்தான். நான் நெற்றிச்சுட்டியும் ஒட்டியாணமும் போட்டு, மூச்சுவிட வழியில்லாமல் மேடையில் இருந்தேன். குணம் மாமா கழகத்தின் சார்பில் சட்டம் போட்ட வாழ்த்துமடல் ஒன்றை வாசித்தார். மதிமுகம் வந்தது, மான்விழி வந்தது, குலவிளக்கு வந்தது. பந்து வரவில்லை. கைதட்டியபோது நானும் சிரித்தேன், அதுவும் வீடியோவில் இருக்கிறது.

அடுத்த சனிக்கிழமை பந்தடிக்கும் சப்பாத்தைத் தேடினேன். "இனி உது சரிவராது" என்றார் அம்மா. நான் அப்பாவிடம் ஓடினேன். அவர் பேப்பரை மடித்தார், பிறகு விரித்தார். அன்று பின்னேரம் குணம் மாமா வீட்டுக்கு வந்தபோது, எனக்காகக் கதைக்கத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்துக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன். அந்தக் கோடையில்தான் அணியில் இருந்த இரண்டு சகோதரர்கள் குடும்பத்தோடு லண்டனுக்கு இடம்பெயர்ந்திருந்தார்கள். என்னோடு சேர்த்தால் சரியாக ஏழு பேர்.

"அண்ணை, பிள்ளை இனி அரைக் காற்சட்டையோடை ஓடுறது வடிவில்லை. சனம் கதைக்கும்."

"ஓம் குணம். ஆனா ஆக்கள் காணாதே?"

"அது பாப்பம் அண்ணை. ஒரு பெடியனைப் பிடிப்பம்."

அப்பாவுக்கு விதி தெரியும். நகரசபையோடு கதைத்தவரே அவர்தான். நான் ஓடாவிட்டால் மைதானம் போய்விடும் என்று தெரிந்துகொண்டுதான் தலையாட்டினார். ஒரு பன்னிரண்டு வயதுப் பிள்ளை நீளக் காற்சட்டை போட்டுக்கொண்டாவது ஓடட்டும் என்று சொல்ல அந்த வீட்டில் ஒரு வாய் இருக்கவில்லை. பத்துப் பேருக்கு முன்னால் மகளைக் கூட்டிக்கொண்டு போவதைவிட மைதானத்தை விடுவது அவர்களுக்கு லேசாக இருந்தது.

பெடியன் கிடைக்கவில்லை. ஆறு பேரோடு போன முதல் போட்டியில் ஆடவே விடவில்லை, அடுத்ததற்கு யாரும் போகவில்லை. ஹெர் கிராமர் அப்பாவிடம் என்னை விசாரித்திருக்கிறார். எனக்கு முழங்காலில் காயம் என்று அப்பா சொல்லிவிட்டார். அந்த அப்பாவி மனிதர் அதை நம்பி, நல்ல முழங்கால் பட்டி ஒன்றை வாங்கி, கெதியாகச் சுகமாகட்டும் என்று சொல்லி அனுப்பினார். அதை வாத வலிக்கு நல்லது என்று அம்மா போட்டுக்கொண்டார். நான் இரண்டு நாள் சாப்பிடவில்லை. குமரியாகிவிட்டால் வாற "பிடிவாதம்" என்று அதற்கும் ஒரு பெயர் வைத்தார்கள்.

இலையுதிர்காலத்தில் எங்கள் நேரம் வேறொரு கழகத்துக்குப் போயிற்று. எங்கள் வீட்டு வரவேற்பறையில் கூட்டம் போட்டார்கள். நான் தேத்தண்ணி கொண்டுபோய்க் கொடுத்தேன். கறுப்பர்கள் என்பதால் பறித்துவிட்டார்கள் என்று ஒருவர் மேசையில் குத்தினார். செயலாளர் சரியாகக் கதைக்கவில்லை என்றார் இன்னொருவர். பிறகு ஊர்க் கதை வந்தது, ஊரைத் தொட்டுச் சாதி வந்தது, கழகம் இரண்டாக உடைந்து, இரண்டும் அடுத்த கோடைக்கு முன்னமே படுத்துவிட்டன. தேத்தண்ணி கொண்டுவந்தவளை ஒருவரும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

இந்த நாட்டில் எங்களுக்கு அநியாயம் நடக்கவில்லை என்று நான் சொல்லவரவில்லை. வீடு வாடகைக்குக் கேட்டுப் போன இடத்தில் கதவு சாத்தியதையும், வேலைக்கு விண்ணப்பித்தபோது என் பெயரைப் பார்த்து முகம் மாறியதையும் நானே கண்டிருக்கிறேன். அதனால்தான் மைதானத்தையும் அப்படிப் பறித்தார்கள் என்ற இந்த ஒரு பொய் எனக்குக் கூடுதலாக எரிகிறது.

இப்போது அந்த மைதானம் இல்லை. மூன்று மாடிக் குடியிருப்புகளும் கார்த் தரிப்பிடமும் வந்துவிட்டன, ஹெர் கிராமர் எப்போதோ காலமாகிவிட்டார். நீலவானத்தின் நீலச் சட்டைகள் யாருடைய நிலக்கீழ் அறையிலாவது உக்கிக் கிடக்கலாம். போன மாதம் குணம் மாமாவின் அறுபதாவது பிறந்தநாளுக்கு மண்டபத்துக்குப் போயிருந்தேன். பழைய வீரர்கள் ஒலிவாங்கியைக் கைமாற்றிக் கழகத்தின் வரலாற்றை இளம் பிள்ளைகளுக்குச் சொன்னார்கள். மைதானத்தை எப்படி வேண்டுமென்றே பறித்தார்கள் என்று குணம் மாமா சொன்னபோது மண்டபம் "ஊ" என்றது. கடைசியாகச் செயலாளரைக் கூப்பிட்டார்கள். அப்பா மெதுவாக ஏறினார். என்னைக் கண்டார். ஒலிவாங்கியைக் கையில் வாங்கினார், இப்போதாவது உள்ளதைச் சொல்வார் என்று நினைத்தேன்.

"ஓம், பறிச்சுத்தான் போட்டாங்கள்" என்றார். "எங்கடை பிள்ளையளும் விளையாட வரேல்லை."

கைதட்டினார்கள். அப்பா இறங்கி வந்து, வழக்கம்போல என் பக்கத்துக் கதிரையில் இருந்து, தண்ணீர் எடுத்துத் தரச் சொன்னார். எடுத்துக் கொடுத்துவிட்டு, என் தட்டைத் தூக்கிக்கொண்டு வேறு மேசைக்குப் போனேன்.