எந்தக் குரல் ஜெசிந்தாவுடையது?

போன ஞாயிற்றுக்கிழமையிலிருந்து எனக்கு ஒரு குழப்பம். உங்களிடம் சொன்னால் தெளியுமா... தெரியவில்லை. சொல்லிப் பார்க்கிறேன்.

ஓசூரில் ஒரு ஃபேக்டரியில் குடும்ப விழா. அங்கே எச்.ஆர். மேனேஜராக இருக்கும் என் தோழி பிரேமா போன் செய்தாள். "சீஃப் கெஸ்ட் ஜெசிந்தா மேடம்டி. தொண்டையில ஆபரேஷன் ஆகியிருக்குது. பாடவே கூடாதாம். கூட இருந்து பாத்துக்கோ."

ஜெசிந்தாவைத் தெரியாதவர்களுக்காக - ஓசூரை ஒட்டிய மத்திகிரிக்காரர். சர்ச் கொயரில் ஆரம்பித்து, கேசட் காலத்தில் தமிழ், கன்னடம், தெலுங்கு என்று பாப் ஆல்பங்களாகப் பாடித் தள்ளியவர். அப்புறம் சினிமாவில் அக்கா, அண்ணி. இப்போது சீரியலில் மருமகளைப் படுத்தி எடுக்கும் மாமியார்.

நான் அவருடைய பாட்டுக்கு ரசிகை. பார்த்ததும் உளறிவிட்டேன். "மேடம், அந்த மொத ஆல்பத்துல மழையில ஆடுவீங்களே..."

"அது நானில்லம்மா. பாடுனது மட்டுந்தான் நான். ஆடுனது ஒரு மும்பைப் பொண்ணு. என் மொகம் வீடியோவுக்கு ஆகாதுன்னுட்டாங்க."

"அப்ப சீரியல்ல?"

"அதுல மொகம் என்னுது, குரல் வேற ஒருத்தருது. என் குரல் வில்லிக்கு ரொம்ப இனிப்பா இருக்குதாம்."

எனக்குத் தலை சுற்றியது. இத்தனை வருஷ கேரியரில் இந்த மனுஷி ஒரு இடத்தில்கூட முழுசாக இல்லையா?

"கஷ்டமா இல்லையா மேடம்?"

"மொதல்ல அழுதேன். அப்புறம் பழகிருச்சு. பழகிருச்சேங்கறதுதான் இப்ப கஷ்டமா இருக்குது."

மேடையேறினார். முன்வரிசை முழுக்க அசெம்பிளி லைன் பெண்கள், அவரைச் சீரியலில் மட்டுமே பார்த்தவர்கள். ஒரே கைத்தட்டல், விசில். "எல்லாருக்கும் வணக்கம்" என்றார். அவ்வளவுதான் - கைத்தட்டல் அப்படியே அடங்கிவிட்டது.

ஒரு பெண் எழுந்தே நின்றுவிட்டாள். செல்வி, ஊத்தங்கரைப் பக்கம் என்று பிறகு தெரிந்துகொண்டேன். "இது அவங்க கொரலே இல்ல! டூப்ளிகேட்ட கூட்டியாந்துட்டாங்கடி!"

மண்டபமே சிரித்தது. பின்வரிசையிலிருந்து ஒருவர் கன்னடத்தில் கத்தினார். "மேடம், ஒந்து ஹாடு ஹேளி!" ஒரு பாட்டாவது பாடச் சொல்கிறார்.

பிரேமாவுக்கு வேர்த்துவிட்டது. மேடையில் ஏறி ஜெசிந்தாவின் காதில் சொன்னாள். "பழைய பாட்ட ஓட விடறோம் மேடம். நீங்க சும்மா வாய மட்டும் அசைங்க."

ஸ்பீக்கரில் அந்த மழைப் பாட்டு ஆரம்பித்தது. ஜெசிந்தா வாயைத் திறந்தார்... மூடினார். சவுண்ட் சிஸ்டம்காரரைப் பார்த்துக் கையைக் காட்டினார்.

"நிறுத்துங்க தம்பி. வாய் அசைச்சது போதும்."

நான் என்ன செய்வது? ஓடிப்போய் மைக்கைப் பிடுங்குவதா? யோசித்து முடிப்பதற்குள் அதே பாட்டைத் தானே பாட ஆரம்பித்துவிட்டார். வாத்தியம் இல்லை, ஒன்றும் இல்லை. பல்லவி தாண்டியது. சரணத்தில் மேலே போகும் இடம்... குரல் உடைந்தது. நின்றுவிட்டார். நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

ஒரு வாய் தண்ணீர் குடித்தார். சுருதியை இறக்கி, அதே வரியை மறுபடி எடுத்தார். கரகரப்பாக, மெதுவாக. ஆனால் அதே குரல்! மூடிய கண்ணுக்குள் அந்த மும்பைப் பெண்தான் ஆடினாள். கண்ணைத் திறந்தால் கொடுமைக்கார மாமியார் நிற்கிறார். யாரை ரசிப்பது, சொல்லுங்கள்?

பின்வரிசை தாளம் போட்டது. கொஞ்சம் கொஞ்சமாக முன்வரிசையும் சேர்ந்துகொண்டது.

விழா முடிந்து காருக்குப் போகும் வழியில் செல்வி ஓடி வந்தாள். ஜெசிந்தாவின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"நல்லா பாடுனீங்கக்கா. ஒடம்பே சிலுத்துருச்சு!"

ஜெசிந்தாவுக்குக் கண் கலங்கிவிட்டது. இருக்காதா? அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே ஒருத்தி அவர் குரலைப் பாராட்டுகிறாளே!

செல்வி விடவில்லை. "அது சரிக்கா, அந்த மாமியாக்காரி நெஜமா எப்ப வருவா? அவள நறுக்குன்னு நாலு வார்த்த கேக்கணும்."

எனக்குச் சிரிப்பதா, அவளுக்கு விளக்குவதா என்று புரியவில்லை. ஜெசிந்தா அவள் கன்னத்தைத் தட்டினார்.

"வந்தா எனக்கும் சொல்லும்மா. நானும் கேக்க வேண்டியது நெறைய இருக்குது."

சிரிக்காமல்தான் சொன்னார்.