பிரபாகர் பயப்படாத ஒரே விஷயம்

எங்கள் கல்லூரியின் பி.டி. மாஸ்டர் பிரபாகர் பயப்படாத விஷயம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது துணி. மற்ற எல்லாவற்றுக்கும் பயப்படுவார். மேகம் கறுத்தால் மைதானம் சேறாகிவிடுமே என்று பயம். வெயில் அடித்தால் பையன்கள் சுருண்டுவிடுவார்களே என்று பயம். பல்லடம் பஸ் கொஞ்சம் தாமதித்தாலே அவர் முகத்தைப் பார்க்கப் பாவமாக இருக்கும். நான் அங்கே வணிகவியல் நடத்தினேன். திருநெல்வேலிப் பக்கத்துக்காரன், வாயைச் சும்மா வைத்திருக்கத் தெரியாது. "சார், பந்து உருண்டையாத்தான் இருக்கான்னு ஒரு தடவை பாத்திருங்க" என்பேன். சிரிக்கமாட்டார். போய் அமுக்கிப் பார்த்துவிட்டு வருவார்.

2006ஆம் வருஷம் அவர் பயத்துக்குக் காரணமும் சேர்ந்துகொண்டது. கல்லூரிகளுக்கு இடையிலான கால்பந்துப் போட்டியில் இந்த முறையாவது அரையிறுதிக்குப் போகாவிட்டால் அணியைக் கலைத்துவிடலாம், வாலிபால் ஒன்று போதும் என்று தாளாளர் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார். பிரபாகர் வருஷா வருஷம் ஒப்பந்தம் புதுப்பித்து வேலை பார்ப்பவர். அணி போனால் அவரும் போகவேண்டியதுதான். அதைத் தாளாளர் வாய்விட்டுச் சொல்லவில்லை.

பையன்களில் பாதிப்பேர் பனியன் கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டே படித்தவர்கள். சனிக்கிழமை சம்பள நாள். அன்றைக்கு ராத்திரி வரை ஒன்றரை ஷிப்ட் நிற்காதவனிடம் சூப்பர்வைசர் முகம் கொடுத்துப் பேசமாட்டார். மறுநாள் ஞாயிறு மேட்ச். அதனால் சனிக்கிழமை சாயங்காலம் ஆனால் பிரபாகர் கம்பெனி கம்பெனியாகப் போய் கேட்டில் நிற்பார். "அண்ணா, பையனை ஒரு ஷிப்டோட உட்ருங்க. நாளைக்கு ஆட்டமுங்க" என்று கெஞ்சுவார். சிலர் விட்டார்கள், சிலர் விடவில்லை. முதல் மேட்சில் எங்கள் தடுப்பாட்டக்காரன் நின்றபடியே கண் அயர்ந்தான். அது டிரா. அடுத்த இரண்டிலும் எப்படியோ தட்டுத் தடுமாறி ஜெயித்துக் காலிறுதிக்கு வந்துவிட்டோம்.

அதற்குள் பழைய ஜெர்சியெல்லாம் கிழிந்து பையன்களின் வண்டி துடைக்கும் துணியாகிவிட்டது. பிரபாகரின் நண்பர் ஒருவரின் கம்பெனியில் ஒரு ஆர்டர் ரத்தாகி, கிளிப்பச்சைத் துணி ரோல் ரோலாகக் கிடந்தது. அவர் சும்மாவே கொடுத்தார். பிரபாகரின் அப்பா நிட்டிங் மெஷின் ஓட்டியவர். துணிக்கு நடுவே வளர்ந்த பிள்ளை, தொட்டுப் பார்த்தார், இழுத்துப் பார்த்தார், தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்.

அவர் மனைவி சித்ரகலா வீட்டிலிருந்தே பிசிறு வெட்டுபவர். தைத்து முடித்த உடுப்புகளைக் காண்ட்ராக்டர் மூட்டையாகக் கொடுப்பார், நீட்டிக்கொண்டிருக்கும் நூலையெல்லாம் கத்தரித்துத் திருப்பிக் கொடுக்கவேண்டும். தையலும் தெரியும். ஜெர்சியெல்லாம் அவர் தைத்ததுதான். தைக்கும்போதே கேட்டாராம்: "ஏனுங்க, மிச்சத் துணி எங்க போச்சுன்னு விசாரிச்சீங்களா?"

"துணியப் பத்தி எனக்கே சொல்லித் தர்றியா?" என்று இவர் சிரித்திருக்கிறார். எதற்கும் சிரிக்காத மனிதர் சிரித்த இடம் அது.

திருப்பூரில் ஒரு ஆர்டர் ரத்தானால் அந்தத் துணி எங்கெங்கோ கைமாறும். கொஞ்ச நாளைக்கு ஊரே அந்த நிறத்தில் திரியும். அருள்புரம் பக்கம் எங்கள் மைதானத்தில் காலிறுதி. பெருமாநல்லூர்ப் பக்கத்துக் கல்லூரி அணி வேனில் வந்து இறங்கியது. முதலில் இறங்கியவன் கிளிப்பச்சை. அடுத்தவனும் கிளிப்பச்சை. எங்கள் பையன்கள் குனிந்து தங்கள் சட்டையைப் பார்த்துக்கொண்டார்கள்.

ரெஃபரி காசு சுண்டினார். மாற்றவேண்டியது நாங்கள் என்று விழுந்தது. "அரை மணி நேரம் தர்றேன். ஒரே கலரா இருக்கணும், முதுகுல நம்பர் இருக்கணும். இல்லேன்னா ஆடாமலே அவங்களுக்கு வாக்ஓவர்" என்றார். காதர்பேட்டை ஜவுளிக் கடைகளுக்கு ஓடி வாங்கி வர அந்த நேரம் பத்தாது. பிரபாகரின் உதடு வறண்டு ஒட்டிக்கொண்டது. எனக்கும் அப்போது கேலி வரவில்லை. அவர் செல்போனில் பேசியது இவ்வளவுதான்: "சித்ரா, உன்னாலதான் ஆகும்."

சித்ரகலா மொபெட்டில் வந்தார். முன்னால் ஒரு மூட்டை. பிரித்துப் போட்டார். வெளிநாட்டுப் பெண்கள் ராத்திரியில் போட்டுக்கொள்ளும் நீள டீ-சர்ட். ரோஸ் கலர். நெஞ்சில் ஒரு நிலா, அதன்மேல் தூங்கும் பூனை.

"இது காண்ட்ராக்டர் கன்னையன் அண்ணன் குடுத்தது தானே? நாளைக்குத் திருப்பித் தரோணுமே" என்றார் பிரபாகர்.

"முதல்ல போடட்டுங்க."

பையன்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். கேப்டன் ராஜவேல் மட்டும் ஒன்றை எடுத்து மாட்டி, முழங்கால்வரை தொங்கியதை டிரவுசருக்குள் திணித்துக்கொண்டான். "பூனை நல்லாத்தான்டா இருக்குது" என்றான். பிறகு எல்லாரும் போட்டார்கள்.

நம்பர் எழுத வேண்டும். போட்டி நடத்துபவர்களின் மேசையிலிருந்து அழியாத மார்க்கர் பேனா ஒன்றைக் கொடுத்தார்கள். பிரபாகர் மூடியைத் திறந்தார். ராஜவேலின் முதுகுக்கு நேரே பேனா நின்றது, எழுதவில்லை. மண்ணும் வேர்வையும் துவைத்தால் போகும். மை விழுந்தால் அந்த பீஸ் ஏற்றுமதிக்கு ஆகாது. "கன்னையன் அண்ணங்கிட்ட பணத்தக் குடுத்துக்கலாம்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். அப்போதும் எழுதவில்லை. ரெஃபரி கடிகாரத்தைப் பார்த்தார்.

சித்ரகலா அவர் கையிலிருந்து பேனாவை வாங்கினார். பூ வைத்துக் கோலம் போடுகிறவர் மாதிரி நிதானமாக, பெரிதாக, ஒவ்வொரு முதுகிலும் எழுதி முடித்தார்.

மேட்ச் முழுவதும் பிரபாகர் மைதானத்துக்கு முதுகைக் காட்டி வேப்பமரத்தைப் பார்த்துக்கொண்டே நின்றார். "என்ன ஆச்சுங்க?" என்று என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தார். இரண்டாம் பாதியில் ராஜவேல் ஒரு கோல் போட்டான். அதோடு அவருக்கு நிம்மதி வரவில்லை, கவலை இரண்டு மடங்கானது. கடைசியில் எங்கள் கோல்கீப்பர் ஒரு பந்தை விரல் நுனியால் தள்ளினான். அது கம்பத்தில் பட்டு வெளியே போயிற்று. நான் சொல்லவேயில்லை. சொன்னால் மனிதர் விழுந்துவிடுவார். விசில் ஊதியதும் பையன்கள் அவரைத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். சித்ரகலா மட்டும் மரத்தடியில் உட்கார்ந்து மிச்ச உருப்படிகளுக்குப் பிசிறு வெட்டிக்கொண்டிருந்தார்.

அணி பிழைத்தது, பிரபாகரின் வேலையும் பிழைத்தது. அரையிறுதியில் நாங்கள் நாலு கோல் வாங்கித் தோற்றதைத் தாளாளர் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

திங்கட்கிழமை நடந்ததைப் பிரபாகர் பிற்பாடு ஸ்டாஃப் ரூமில் என்னிடம் சொன்னார். இருவரும் மூட்டையோடு காண்ட்ராக்டர் கன்னையன் வீட்டுக்குப் போனார்கள். சித்ரகலா மறைக்காமல் எல்லாவற்றையும் சொன்னார். கன்னையன் கோபப்படவில்லை. பணம் வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார். "ஆனா பீஸ் குறைஞ்ச ஊட்டுக்கு மறுபடி மூட்டை குடுக்கறதில்லீங்க. எந்தக் காண்ட்ராக்டரும் குடுக்கமாட்டாங்க. அம்மணிக்குத்தான் தெரியுமே" என்றார்.

வாசலுக்கு வெளியே வந்ததும் பிரபாகர் கேட்டிருக்கிறார்: "இப்பிடி ஆகும்னு தெரிஞ்சேவா செஞ்சே? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நம்பர் எழுதவே விட்டிருக்கமாட்டேனே."

"அதுக்குத்தானுங்க பேனாவ வாங்கிக்கிட்டேன்" என்றாராம் சித்ரகலா.